கோட்பாடும் வாழ்வும்: ஒல்லாந்தர் காலத்து யாழ்ப்பாணக் கிறித்தவம் பற்றிய சில குறிப்புகள்

1

ஈழத்துக் கிறித்தவத்தின் வரலாற்றை ஆராய்ந்தோர் பெரும்பாலும் அதன் அரசியற் பின்னணியையும், கல்விப் பணியையும், தமிழ் உரைநடைக்கும் அச்சுக்கலைக்கும் அது ஆற்றிய தொண்டினையுமே எடுத்துரைத்து வந்துள்ளனர். சமயக் கோட்பாடு என்பதை இறையியலாரின் தனித்துறையென ஒதுக்கிவிடும் வழக்கமே எம்மிடையே மிகுதி. ஆயின் ஒரு கோட்பாடு சபையின் கூட்டு வாழ்வில் எந்த இடத்தைப் பெறுகின்றது, தனிமனிதனின் உள்ளத்தில் எவ்வாறு வேரூன்றுகின்றது அல்லது வேரூன்றாது போகின்றது என்பன இறையியல் வினாக்கள் மட்டுமல்ல. அவை வரலாற்று வினாக்களுமாகும். ஒல்லாந்தர் யாழ்ப்பாணத்தை ஆண்ட 1658 முதல் 1795 வரையான காலப்பகுதியை எடுத்துக்கொண்டு இவ்வினாக்களுக்கு விடைகாண முயல்வதே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

ஒரு கணக்கிலிருந்து தொடங்குதல் பொருத்தமானது. 1760ஆம் ஆண்டுக்குரியதாக எடுத்துக்காட்டப்படும் சபைக் கணக்கொன்றின்படி, யாழ்ப்பாணப் பிரிவிலே சீர்திருத்தச் சபையின் கிறித்தவர்களாகப் பதியப்பட்டிருந்தோர் 182,226 பேர். அவர்களுள் திருவிருந்தில் பங்குகொள்ளும் உரிமைபெற்ற முழு அங்கத்தவர் 64 பேர் மாத்திரமே. ஏறத்தாழ மூவாயிரம் பேருக்கு ஒருவர் என்னும் இவ்விகிதம் வெறும் புள்ளிவிவரமன்று. கோட்பாட்டுக்கும் வாழ்வுக்கும் இடையே விழுந்த பிளவின் அளவுகோல் அது. இப்பிளவு எவ்வாறு ஏற்பட்டது? அதே காலத்தில், அதே மண்ணில், குருமாரையும் கோயில்களையும் இழந்து நின்ற கத்தோலிக்கரிடையே சமயம் அழியாது நின்றமைக்குக் காரணம் யாது? இவ்விரு வினாக்களையும் ஒருங்கே வைத்து நோக்குதல் வேண்டும்.

2

தமிழில் அச்சேறிய தொடக்க நூல்களே கிறித்தவக் கோட்பாட்டு நூல்கள் என்பது நாம் அறிந்ததே. 1578இல் கொல்லத்தில் அச்சிடப்பட்ட ‘தம்பிரான் வணக்கம்’, அடுத்த ஆண்டில் கொச்சியில் வெளிவந்த ‘கிரீசித்தியானி வணக்கம்’ ஆகிய இரண்டும் முத்துக்குளித்துறையிலும் மன்னாரிலும் பணிபுரிந்த அந்திரிக்கே அந்திரிக்கசு அடிகளாரின் உழைப்பின் பேறுகள். விசுவாசப் பிரமாணம், கர்த்தர் கற்பித்த செபம், பத்துக் கற்பனைகள் என்பனவற்றை மனனஞ் செய்யத்தக்க வடிவிலே மக்களுக்கு வழங்குவதே இவற்றின் நோக்கம். கோட்பாடு என்பது தொடக்கத்திலிருந்தே இங்கு ஓதப்படும் பொருளாக, செவிவழி பரவும் பொருளாக அமைந்தது என்பது மனங்கொள்ளத்தக்கது.

1619இல் யாழ்ப்பாண இராச்சியம் போர்த்துக்கேயர் வசமானபின் கத்தோலிக்கம் அரசின் சமயமாயிற்று. நல்லூர்க் கந்தசுவாமி கோயில் உள்ளிட்ட சைவாலயங்கள் இடிக்கப்பட்டன. ஊர்தோறும் தேவாலயங்கள் எழுந்தன. எனவே பின்னர் ஒல்லாந்தரின் ஒடுக்குமுறைக்கு ஆளான அதே கத்தோலிக்கம், அதற்கு முன்னர் அரச பலத்தோடு புகுத்தப்பட்ட சமயமே என்பதை நாம் மறந்துவிடலாகாது. ஒரு சமயத்தை நல்லதென்றும் மற்றதைத் தீயதென்றும் நிறுவுதல் எமது நோக்கமன்று. ஒரே சமயமானது அதிகாரத்தோடு கூடி நின்ற போதும், அதிகாரத்தை இழந்து நின்ற போதும் எவ்வாறு வேறுவேறு இயல்புகளைக் காட்டியது என்பதே இங்குக் கவனத்திற்குரியது.

3

போர்த்துக்கேயர் யாழ்ப்பாணத்தைக் கைப்பற்றிய அதே 1619ஆம் ஆண்டிலேதான் ஒல்லாந்தின் தோர்ட் நகரில் 1618இல் கூடிய சீர்திருத்தச் சபையின் பேரவை நிறைவெய்தியது. இறைவனின் தெரிவு, கிருபை ஆகியன பற்றிய சபையின் கோட்பாட்டை வரையறுத்த இப்பேரவை, கீழைத்தேசங்களிலிருந்து வந்த ஒரு வினாவையும் ஆராய்ந்தது. கிறித்தவர்தம் இல்லங்களில் வளரும் பிறசமயப் பிள்ளைகளுக்குத் திருமுழுக்கு அளிக்கலாமா என்பதே அவ்வினா. அவர்கள் சமய அறிவு பெறுமுன்னர் அளிக்கலாகாது என்பதே பேரவையின் முடிவு. அறிவும் மனச்சம்மதமும் முன்னர், அடையாளம் பின்னர் என்பது இம்முடிவின் உட்பொருள்.

சீர்திருத்தச் சபையின் ஞானோபதேச நூலாகிய ‘ஹைடல்பேர்க் வினாவிடை’யும் (1563) இதே மனப்பாங்கிற் பிறந்ததாகும். வாழ்விலும் இறப்பிலும் மனிதன் எதனைப் பற்றிநின்று தேறுதலடைகின்றான் என்பதிலே தொடங்கும் அந்நூல், விடையளிப்பவனைத் தன்மை ஒருமையிலே பேசவைக்கின்றது. அது சபையின் கோட்பாடே எனினும் தனிமனிதனின் வாக்குமூலமாகவே அமைகின்றது. கோட்பாட்டையும் தனிநம்பிக்கையையும் இணைக்கும் முயற்சியில் ஐரோப்பிய சீர்திருத்த இயக்கம் கண்ட சிறந்த வடிவங்களுள் இதுவும் ஒன்று எனலாம்.

இத்தகைய கோட்பாட்டினைக் கொண்ட சபை யாழ்ப்பாணத்துக்கு எவ்வாறு வந்தது? ஒல்லாந்தக் கிழக்கிந்தியக் கம்பனியின் ஊழியத்தில், அதன் சம்பளப் பட்டியலில் இடம்பெற்ற போதகர்களோடு வந்தது. 1658இல் கோட்டை வீழ்ந்ததும் போர்த்துக்கேயரின் தேவாலயங்கள் அவர்களிடமிருந்த பிள்ளைகளோடும் பெயர்ப்பட்டியல்களோடும் அவ்வாறே சீர்திருத்தச் சபைக்கு மாற்றப்பட்டன. 1665 வரை இங்குப் பணிபுரிந்த பிலிப்பு பல்தேயு, 1672இல் வெளியிட்ட தமது நூலில் தெல்லிப்பழை, மல்லாகம், உடுவில், வட்டுக்கோட்டை, பண்டத்தரிப்பு, சாவகச்சேரி என ஊர் ஊராகத் தேவாலயங்களையும் பள்ளிப்பிள்ளைகளின் தொகையையும் பதிந்துள்ளார். மக்கள் பெயரளவிற் கிறித்தவராக இருந்துகொண்டு பழைய வழிபாடுகளையும் பேணினர் என்பதையும் அவர் அறிந்தேயிருந்தார்.

ஒவ்வோர் ஊரிலும் தேவாலயத்தோடு பாடசாலையும் இணைந்திருந்தது. பிள்ளைகளை அனுப்பாத பெற்றோரிடம் தண்டம் அறவிடப்பட்டது. பாடசாலை உபாத்தியாயரே திருமுழுக்கையும் விவாகத்தையும் தோம்பிற் பதிந்துவைக்கும் உத்தியோகத்தருமாவார். ஆண்டுதோறும் போதகரும் கம்பனி உத்தியோகத்தரும் ஒருங்கே சென்று பிள்ளைகளைப் பரீட்சித்தனர். செபங்களையும் வினாவிடையையும் ஒப்புவித்தவர் பாடசாலையிலிருந்து விடுவிக்கப்பட்டனர். தோம்பிற் பெயர் இல்லாதவரின் விவாகம் சட்டப்படி விவாகமாகாது. அவர்தம் பிள்ளைகளின் உரிமைப்பேறும் ஐயத்துக்கிடமாகும். முதலியார் முதலாய பதவிகளை நாடுவோருக்குச் சபையைச் சார்ந்திருத்தல் இன்றியமையாத தகுதியாயிற்று.

இவ்விடத்திலேதான் பிளவு தோன்றுகின்றது. தோர்ட் பேரவையின் கோட்பாட்டின்படி அறிவுக்கும் சம்மதத்துக்கும் பின்னர் வரவேண்டிய திருமுழுக்கு, கம்பனியின் நிருவாகத்திலே பிறப்புப் பதிவாக மாறிற்று. தனிமனிதன் தன் உள்ளத்திலிருந்து கூறவேண்டிய விடை, தண்டத்துக்கு அஞ்சிய பிள்ளைகள் ஒருமித்து ஒப்புவிக்கும் பாடமாயிற்று. கோட்பாடு மாறவில்லை, ஒரு சொல்லும் குறையவில்லை. ஆனால் அதற்குரிய சமூக இடம் மாறியது. காணி உரிமைக்கும் உத்தியோகத்துக்கும் செலுத்தும் கட்டணமாக அது ஆகிவிட்டது.

4

போதகர்கள் இதனை உணராதிருந்தனர் எனக் கொள்ளுதல் தவறு. மேலே காட்டிய 64 என்னும் தொகையே அவர்கள் உணர்ந்திருந்தனர் என்பதற்குச் சான்று. திருமுழுக்கைத் தடுக்க அவர்களால் இயலவில்லை. அது அரசின் காரியமாகிவிட்டது. ஆகவே திருவிருந்தையேனும் காத்துக்கொள்ள முயன்றனர். கோட்பாட்டினை விளங்கி அதன்படி ஒழுகுவோரெனத் தாம் நம்பியவரையே அதற்கு அனுமதித்தனர். இவ்வாறு ஒரு திருச்சடங்கை எல்லோருக்கும் அளித்து மற்றதைச் சிலருக்கே ஒதுக்குதல் முறையோ என்பது பத்தாவியாவிலும் ஆம்சுடர்டாமிலும் நெடுங்காலம் விவாதிக்கப்பட்ட பிரச்சினையாகும். கோட்பாட்டின்படி இரண்டும் ஒரே அருளின் இரு அடையாளங்கள். நடைமுறையில் ஒன்று பிரசைக்குரியது, மற்றது விசுவாசிக்குரியது என்றாயிற்று. 182,226 என்பது அரசின் எண். 64 என்பது சபையின் மனச்சாட்சியின் எண்.

இரண்டாவது முரண்பாடு மொழி பற்றியது. சீர்திருத்தச் சபை திருவசனத்தைத் தன் உயிராகக் கொண்டது. சுரூபங்களையும் பவனிகளையும் திருநாட்களையும் நீக்கிவிட்டு, வாசிக்கப்படுவதும் பிரசங்கிக்கப்படுவதுமான வசனத்தையே வழிபாட்டின் நடுவில் வைத்தது. ஆயின் அவ்வசனத்தை மக்களின் மொழியிற் கூறவல்ல போதகர் மிகச் சிலரே. தமிழ் கற்றுத் தேர்ந்த அதிரியான் தெ மெய் என்பாரின் பொறுப்பில் 1690இல் நல்லூரிலே குருத்துவக் கல்லூரி நிறுவப்பட்டது. கொழும்பிலே பிறந்த தமிழறிஞர் பிலிப்பு தெ மெல்லோவின் முயற்சியால் புதிய ஏற்பாடு தமிழில் முழுமையாகக் கொழும்பில் அச்சேறியது 1759ஆம் ஆண்டிலாகும். அதாவது யாழ்ப்பாணக் கோட்டை வீழ்ந்து 101 ஆண்டுகள் கழிந்த பின்னராகும். வசனத்தையே ஆதாரமாகக் கொண்ட ஒரு சபை, மூன்று தலைமுறையினருக்கு அவ்வசனத்தை அச்சில் முழுமையாக வழங்காமலே அவர்களைத் தன் அங்கத்தவராகக் கணக்கிட்டு வந்தது.

தெ மெல்லோவைப் பற்றி இங்கு ஒரு வார்த்தை கூறுதல் தகும். ‘சத்தியத்தின் செயம்’ என்னும் கண்டன நூலை இயற்றிய அவர் தமிழிலக்கியத்திலும் ஆழ்ந்த புலமையுடையவர். சைவப் புலவராகிய கூழங்கைத் தம்பிரான் ‘யோசேப்புப் புராணம்’ பாடி அவருக்கு அர்ப்பணித்தார் என்பது இலக்கிய வரலாறு கூறும் செய்தி. அரசின் தண்டனையாற் பெறமுடியாத மதிப்பை ஒரு தமிழ்ப் போதகரின் கல்வியும் நட்பும் பெற்றன என்பதற்கு இது தக்க உதாரணமாகும். ஆனால் தெ மெல்லோக்கள் பலர் தோன்றுவதற்குக் கம்பனியின் அமைப்பிலே இடமிருக்கவில்லை.

தோம்பிற் பெயர் எழுதுவித்த சைவரின் நிலை யாது? விரத நாளில் உணவுண்ட வாழையிலையை வெளியில் எறிய அஞ்சிக் கூரையிற் செருகி மறைத்தனர் என்னும் செய்தி யாழ்ப்பாணத்துச் சைவக் குடும்பங்களிலே வழிவழி வந்ததாகும். 1711இல் கிறித்தவராகப் பதியப்பட்டோர் பிறசமயச் சடங்குகளிற் கலந்துகொண்டால் கசையடியும் ஓராண்டுச் சிறையும் விதிக்கப்படும் எனக் கட்டளை பிறந்தது. இத்தகைய கட்டளை தேவைப்பட்டமையே அத்தகைய சடங்குகள் நிகழ்ந்தமைக்குச் சான்றன்றோ? பதினெட்டாம் நூற்றாண்டிலே நல்லூர்க் கந்தசுவாமி கோயிலை மீள எழுப்பியவர் கம்பனிக் கச்சேரியிற் சிறாப்பராகக் கடமையாற்றிய இரகுநாத மாப்பாண முதலியார். அவர் பெயரின் முன் ‘தொன் யுவான்’ என்னும் கிறித்தவப் பெயரும் வழங்கிற்று. ஒரே மனிதனின் பெயரில் இரு உலகங்கள் அடுத்தடுத்து நிற்பதை இதிற் காண்கின்றோம்.

5

இனிக் கத்தோலிக்கரின் நிலையை நோக்குவாம். 1658ஆம் ஆண்டுக் கட்டளையின்படி கத்தோலிக்கக் குருமாருக்குப் புகலிடங் கொடுப்போருக்கு மரண தண்டனை விதிக்கப்பட்டது. குருமார் வெளியேற்றப்பட்டனர், தேவாலயங்கள் பறிக்கப்பட்டன. மாந்தையிலிருந்து அன்னையின் திருச்சுரூபத்தைக் காப்பாற்றிக்கொண்டு சில குடும்பங்கள் வன்னிக் காட்டினூடே மருதமடுவை அடைந்தன என்பது மடுத்திருப்பதியின் தோற்றம் பற்றிய மரபு. கோவாவைச் சேர்ந்த பிராமணக் குலத்தவரான யோசேவாஸ் முனிவர் 1687இல் பிச்சைக்காரர் வேடத்தில் யாழ்ப்பாணத்தை அடைந்தபொழுது இங்குக் குருமார் இல்லாது 29 ஆண்டுகள் கழிந்திருந்தன. அப்படியிருந்தும் சில்லாலை முதலாய ஊர்களில் அவருக்காகக் காத்திருந்த சமூகங்கள் இருந்தன.

குருவின்றி ஒரு தலைமுறை எவ்வாறு நிலைத்தது? இங்கேதான் கோட்பாட்டின் வேறொரு பயன்பாட்டைக் காண்கின்றோம். கத்தோலிக்கக் கோட்பாட்டின்படி அவசர வேளையில் எவரும் திருமுழுக்கு அளிக்கலாம். செபமாலை சொல்லக் குரு வேண்டுவதில்லை. சிறுவயதில் மனனஞ் செய்த விசுவாசப் பிரமாணத்தைத் தாய் தன் பிள்ளைக்குச் சொல்லிக்கொடுக்கலாம். ஊரின் மூப்பரும் அண்ணாவியாரும் செபங்களை நடத்தினர். பிள்ளைகளுக்கு ஞானோபதேசம் கற்பித்தனர். இறந்தோரை அடக்கஞ் செய்வித்தனர். யோசேவாஸ் முனிவர் புதிதாக ஒன்றை நிறுவியவரல்லர். இவ்வமைப்பினை ஒழுங்குபடுத்தி, ஊர்தோறும் அதனை உறுதிப்படுத்தினார். பின்னர் புத்தளம் வழியாகக் கண்டி சென்று, ஒற்றரெனச் சந்தேகிக்கப்பட்டுச் சிறையிருந்து, 1697இல் அங்குப் பரவிய அம்மை நோயின்போது நோயாளருக்குப் பணிவிடை புரிந்து, 1711இல் அந்நகரிலேயே உயிர் நீத்தார். 2015இல் அவர் புனிதராக அறிவிக்கப்பட்டார்.

1705இல் வந்த யாக்கோமே கொன்சால்வெஸ் அடிகளார் சிங்களத்தையும் தமிழையும் கற்று இரு மொழிகளிலும் நூல்களை ஆக்கினார். அவருடையதாகப் போற்றப்படும் ‘வியாகுலப் பிரசங்கம்’ இயேசுவின் பாடுகளைப் பற்றியது. தபசுகாலத்திலே தேவாலயங்களில் உருக்கத்தோடு வாசிக்கப்பட்டு, கேட்போரைக் கண்ணீர் விடச்செய்த நூல் அது. மீட்பு பற்றிய கோட்பாடு இங்கு வினாவிடையாக அன்றி ஒப்பாரியாக மக்களிடம் சென்றது. இறந்தோருக்காக அழுது பாடும் தமிழ்ப் பெண்களின் மரபு, சிலுவையடியில் நின்ற தாயின் துயரத்தைத் தன் துயரமாக ஏற்றுக்கொண்டது. பின்னர் தழைத்த பாஸ், வாசாப்பு முதலாய கூத்து வடிவங்களும் இவ்வழியே வந்தனவாம். எழுத்தறியாத மீனவனும் தன் சமயத்தின் மையக் கருத்தை அறிந்திருந்தான். அதனை அவன் பரீட்சையில் ஒப்புவித்ததில்லை. ஆண்டுதோறும் அதனை வாழ்ந்தான்.

ஈண்டு ஒரு விந்தையைச் சுட்டுதல் வேண்டும். ஏட்டளவில் குருத்துவத்துக்கு முதன்மையளிக்கும் சபை கத்தோலிக்கச் சபை. விசுவாசிகள் யாவரும் குருக்களே எனப் போதிப்பது சீர்திருத்தச் சபை. யாழ்ப்பாணத்திலோ முன்னையது பொதுநிலையினரின் கைகளிற் பிழைத்தது. பின்னையது சம்பளம் பெற்ற உத்தியோகத்தரின் கைகளிற் சோர்ந்தது. ஒரு சபையின் இயல்பை அதன் கோட்பாட்டு நூல்களை மட்டும் வாசித்து முடிவு செய்யலாகாது என்பதற்கு இதைவிடச் சான்று வேண்டுவதில்லை.

6

எனினும் இவ்வேறுபாட்டை வெறும் பக்தியின் வேறுபாடாக விளக்கினால் வரலாற்றைக் குறுக்கியவராவோம். சமூக அடித்தளத்தையும் நோக்குதல் வேண்டும். கத்தோலிக்கம் ஊன்றி நின்ற ஊர்களுட் பல கரையோர மீனவர் குடியிருப்புகள். அங்குத் தேவாலயமே ஊரின் மன்றமாகவும், மூப்பரே ஊர்த்தலைவராகவும் அமைந்தனர். சமய எல்லையும் சாதி எல்லையும் உறவு எல்லையும் ஒன்றாயின. சமயத்தை விடுதல் சுற்றத்தை விடுதலாகும். நிலவுடைமையோடு பிணைந்திருந்த வேளாளர் பெருந்தொகையினருக்கோ காணியும் பதவியும் தோம்போடு பிணைந்திருந்தன. அவர்தம் குலவழக்கும் கோயிலும் சைவத்தோடு பிணைந்திருந்தன. எனவே தோம்பில் ஒரு பெயரையும் வீட்டில் ஒரு பெயரையும் கொள்ளுதல் அவர்களுக்கு இயல்பாயிற்று.

மேலும், இரு சபைகளும் ஒரு சோதனையிலே தோல்வியுற்றன. எல்லா மனிதரும் ஒரே இறைவனின் சாயலாகப் படைக்கப்பட்டவர் என்பது இரு சபைகளுக்கும் பொதுவான கோட்பாடு. கிளாஸ் ஐசாக் என்னும் கம்பனி அதிகாரி தொகுத்து 1707இல் சட்டமாக்கப்பட்ட தேசவழமையிலோ சொத்து, சீதனம், ஈடு என்பவற்றோடு அடிமைகளைப் பற்றிய பகுதியும் இடம்பெறுகின்றது. குடிமக்களின் விரதத்தையும் வழிபாட்டையும் மாற்றக் கசையடி விதித்த அரசு, மனிதரை உடைமையாகக் கொள்ளும் வழக்கத்தைத் தொகுத்து உறுதிசெய்தது. கத்தோலிக்க ஊர்களிலும் சாதி எல்லை தேவாலய வாசலோடு நின்றுவிடவில்லை. இலங்கையிலே அடிமைமுறை சட்டப்படி ஒழிக்கப்பட்டது 1844இலாகும். கோட்பாடு ஆளும் வர்க்கத்தின் நலனோடு மோதும் இடத்திலே மௌனமாகிவிடின், ஓதுவோர் தொகை பெருகினாலும் அது சமூகத்தின் மனச்சாட்சியாதல் இயலாது.

7

1795இல் யாழ்ப்பாணம் ஆங்கிலேயர் வசமாகி, கட்டாயம் தளர்ந்ததும் நிகழ்ந்தது யாவரும் அறிந்ததே. ஆட்சியின் இறுதிக் காலத்திலேயே வண்ணார்பண்ணையில் வைத்தீசுவரன் கோயில் எழுந்துவிட்டது. அடுத்த சில ஆண்டுகளில் சீர்திருத்தச் சபையின் தேவாலயங்கள் வெறிச்சோடின. 1806இல் இங்கு வந்த குளோடியசு புக்கானன் கண்ட புரட்டஸ்தாந்தப் போதகர் ஒருவரே. அவரும் ஒல்லாந்தரல்லர், தஞ்சாவூர் சுவார்ட்சு ஐயரின் மாணாக்கரான கிறித்தியான் தாவீது என்னும் தமிழர். அதே 1806இல் கத்தோலிக்கருக்கு எதிரான ஒல்லாந்தச் சட்டங்களைத் தேசாதிபதி மெயிற்லண்ட் நீக்கியபோது, மறைவிலிருந்த சமூகங்கள் வெளிவந்தன.

1816இல் வந்த அமெரிக்க மிசனரிமார் வட்டுக்கோட்டையிலும் தெல்லிப்பழையிலும் அப்பழைய தேவாலயக் கட்டடங்களிலேயே தங்கள் பணியைத் தொடங்கினர். பழைய படிப்பினையை அவர்கள் மறக்கவில்லை. திரள் திரளாகத் திருமுழுக்கு அளிப்பதை விடுத்து, ஒவ்வொருவரையும் தனித்தனியே சோதித்து அங்கத்தவராக்கினர். ஆங்கிலக் கல்வியும் உத்தியோகமும் புதியதொரு தூண்டுதலாக வந்துசேர்ந்தமையால் பழைய சிக்கல் முற்றாக நீங்கியதெனக் கூறமுடியாது. ஆயினும் கோட்பாட்டை ஏற்பதும் மறுப்பதும் தனிமனிதனின் முடிவு என்னும் எண்ணம் இக்காலத்திலே வலுப்பெற்றது. அம்மறுப்பின் மிகப்பெரிய குரல் ஆறுமுகநாவலர் (1822–1879). மிசனரிமாருக்கு எதிராக எழுந்த அவர் ‘சைவ வினாவிடை’யை எழுதியபொழுது கையாண்ட வடிவம் ஞானோபதேச வடிவமே. கசையடியாற் சைவரிடையே புகாத வினாவிடை முறை, சுதந்திரமான விவாதத்தின் வழியே சைவத்தின் கருவியுமாயிற்று.

இதுகாறும் கூறியவற்றைத் தொகுத்து நோக்குவாம். கோட்பாடு சமய வாழ்வுக்கு வேண்டாத சுமை என்னும் முடிவுக்கு இவ்வரலாறு எம்மை இட்டுச்செல்லவில்லை. கோட்பாடின்றிச் சில்லாலையின் சமூகம் 29 ஆண்டுகள் நின்றிருக்கமாட்டாது. அவர்கள் மனனஞ் செய்திருந்த சில வரிகளே அவர்களின் கோயிலாயிருந்தன. மாறாக, கோட்பாடு உயிர்பெறுவதற்கு இரண்டு நிபந்தனைகள் உண்டு என்பதையே இவ்வரலாறு காட்டுகின்றது. அது மக்களின் மொழியிலும் துயரத்திலும் கூட்டுவாழ்விலும் கலத்தல் வேண்டும் என்பது ஒன்று. அதனை மறுக்கும் உரிமை மனிதனுக்கு இருத்தல் வேண்டும் என்பது மற்றொன்று. மறுக்க இயலாத இடத்தில் ‘நம்புகிறேன்’ என்னும் சொல்லுக்குப் பொருளில்லை. ஒரு சிறு நிலப்பகுதியிலே இலட்சக்கணக்கானோரை அச்சொல்லைச் சொல்லவைத்த ஓர் அரசு, ஈற்றில் அதனை மெய்யாகச் சொன்னவராக 64 பேரையே எண்ண முடிந்தது. ஒரு மதத்தையோ ஒரு கொள்கையையோ அரச பலத்தால் நிலைநாட்ட முனைவோர் எக்காலத்தவராயினும் இக்கணக்கினை நினைவிற் கொள்ளுதல் நன்று.